எதிராளியின் முக்காலி

வியாழக்கிழமை விடியுமுன் தொண்டியில் பஸ் ஏறினேன். அய்யா விட்டுப்போன வீட்டுக்காக எனக்கும் என் தம்பி சந்தியாகுவுக்கும் நாலு வருஷமாக வழக்கு. மறுநாள் ராமநாதபுரம் கோர்ட்டில் நான் கூண்டேற வேண்டும். நான் ஜெயித்தால், அந்த வீட்டில் குடியிருக்கும் அவன் பிள்ளைகுட்டியோடு தெருவுக்கு வருவான். ஜெயிக்க வேண்டும் என்று வேண்டிக்கொள்ளத்தான் புறப்பட்டேன்.

ராமநாதபுரத்தில் ரயிலுக்கு மாறினேன். பாலத்தில் வண்டி ஊர்ந்தபோது கடல் சாம்பலாய்க் கிடந்தது. பாம்பனில் இறங்கித் தெற்கே ஒரு மைல் மணலில் நடந்தால் மீனவர் குப்பம். அங்கே ஓர் ஓலைக் கோவில். உள்ளே ஒரு முக்காலி; அதன் எதிரே கறுப்பு அங்கி போட்ட சுரூபம். இத்தாலி தேசத்தில் முந்நூறு வருஷத்துக்கு முன் வக்கீலாயிருந்து, பிறகு ஒரு பட்டணத்துக்கே அதிகாரியான புண்ணியவானாம். அந்தத் தேசத்துச் சாமியார் ஒருவர் கொண்டுவந்து வைத்தது. குப்பத்தார் அந்தப் புனிதரை ‘வக்கீல் அர்ச்சியசிஷ்டர்’ என்கிறார்கள்; வழக்குள்ளவர்கள்தான் அங்கே வருவது.

மெழுகுதிரி ஏற்றப் போன என்னை, கோவிலைப் பார்த்துக்கொள்ளும் உபதேசியார் தடுத்தார்.

“எதிராளி வரலையாண்ணே?”

“அவன் எப்பிடி வருவான்?”

“அப்ப அந்த முக்காலியில உக்காருங்க. அவரு பக்கத்தை நீங்களே சொல்லுங்க. பெறகுதான் உங்க பக்கம். நம்ம அர்ச்சியசிஷ்டரு அதிகாரியா இருந்தப்ப இப்பிடித்தான் விசாரிப்பாராம். சொந்த அண்ணன் பிராது கொண்டாந்தப்பக்கூட முக்காலியத்தான் காட்டுனாராம். அவரு செத்தப்ப, அவர்ட்ட வழக்குத் தோத்தவுகதான் பெட்டியத் தூக்குனாகளாம்.”

உட்கார்ந்தேன். வாய் திறந்தேன்; சொல் வரவில்லை. அவனுடைய வக்கீல் பேசியதெல்லாம் எனக்கு மனப்பாடம். அவன் சொல்லி நான் ஒன்றும் கேட்டதில்லை.

வாசலில் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த பெண் எட்டிப் பார்த்தாள். “என்ன உபதேசியாரே, இது ஊமை வழக்கா?”

ஏற்றாத மெழுகுதிரியைப் பையில் போட்டுக்கொண்டு திரும்பினேன். சாயங்கால வண்டியில் மழை பிடித்தது. நான் செத்தால் என் பெட்டியைத் தூக்க யார் வருவார்கள் என்ற நினைப்பு மண்டபம் ஸ்டேஷன் தாண்டியும் விடவில்லை.

வெள்ளிக்கிழமை காலை கோர்ட்டு வாசல் வேப்பமரத்தடி பெஞ்சில் சந்தியாகு தனியாக இருந்தான். மெலிந்துபோயிருந்தான். பக்கத்தில் உட்கார்ந்தேன்.

“ஏலே, ஒன் பக்கம் என்னலே?”

“எங்க வக்கீலக் கேளு.”

“அவரு சொன்னதக் கேட்டாச்சு. நீ சொல்லு.”

அவ்வளவு பெரிய கோர்ட்டில் அந்த மாதிரி முக்காலி எங்கும் இல்லை. டவாலி என் பெயரைக் கூப்பிட்டான். மறுபடியும் கூப்பிட்டான்.

“அண்ணே, ஒன்னையத்தான் கூப்புடுறாக” என்றான் சந்தியாகு.

நான் எழுந்திருக்கவில்லை.

“கூப்புடட்டும். மொதல்ல நீ சொல்லு.”