எழுதாத இரண்டாம் வரி

உத்திரமேரூர் பஸ் நிலையத்துக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் சுலோச்சனாவுக்குப் படிப்பு பன்னிரண்டாம் வகுப்போடு சரி. ஆனாலும் சுற்றுப்பட்டு ஊர்களில் யாருக்கு ஸ்கேன் ரிப்போர்ட் வந்தாலும் அவளிடம்தான் வருவார்கள். வாயில் நுழையாத இங்கிலீஷ் வார்த்தையைப் போனில் தட்டுவாள். அது உச்சரிப்பதை மூன்று தரம் கேட்பாள். நகலின் பின்பக்கம் பென்சிலால் இரண்டு வரி எழுதித் தருவாள். முதல் வரியில் உச்சரிப்பு, இரண்டாவதில் அர்த்தம். நோயின் பேரைத் தப்பாகச் சொல்லி ஆஸ்பத்திரியில் ஏச்சு வாங்கிய பழையசீவரத்துக் கிழவர் ஒருவருக்காகத் தொடங்கிய வழக்கம் அது.

மாசியில் ஒரு நாள் அவள் கணவன் தமிழரசனின் ரிப்போர்ட்டே வந்தது. டிராக்டர் ஓட்டுகிறவன். கண் மஞ்சளாகி ஒரு மாதம், கீழாநெல்லிக்கும் அடங்கவில்லை. போனில் அர்த்தத்தைப் படித்தாள். அழுதிருந்தாலாவது ஆறியிருக்கும், அழுகை வரவில்லை. மெஷினின் சூடு கையில் பட்டதுகூடத் தெரியவில்லை. ஒரே வரி எழுதினாள்: கொலாஞ்சியோ கார்சினோமா.

கீழே ஒன்றும் இல்லையே என்று அவன் கேட்டதற்கு, பித்தக்குழாயில் ஏதோ அடைப்பு என்றாள்.

அந்தப் பேர் அவனுக்குப் பிடித்துப்போனது. டிராக்டரில் உழும்போதெல்லாம் சொல்லிப் பழகினான்.

"பேரே கெத்தா கீது சுலோ. நம்மூர்ல எவனுக்குனா இப்டி ஒண்ணு வந்துக்கீதா?"

அவளும் சிரித்து வைத்தாள்.

செவ்வாய்க்கிழமை பெரிய ஆஸ்பத்திரியில், காப்பீட்டு அட்டைக்காக அவள் வரிசையில் நின்ற நேரத்தில் அவன் பெயரைக் கூப்பிட்டுவிட்டார்கள். என்ன தொந்தரவு என்று டாக்டரம்மா கேட்க, அவன் பிசகில்லாமல் சொன்னான். இத்தனை சுத்தமாகச் சொல்கிறவருக்கு எல்லாம் தெரிந்திருக்கும் என்று அந்த அம்மா நினைத்துவிட்டார். எவ்வளவு பரவியிருக்கிறது, இன்னும் எத்தனை மாதம் என்று ஒளிக்காமல் பேசினார்.

சுலோச்சனா ஓடி வந்தபோது அவன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். பக்கத்தில் உட்கார்ந்தவளின் மடியில் நகலைத் திருப்பி வைத்தான்.

"ஊருக்கெல்லாம் ரெண்டு வரி எய்துவியே. எனக்கு மட்டும் ஏன்மே பாதியில வுட்ட?"

கைப்பையிலிருந்து பென்சிலை எடுத்து, யாரோ ஒரு வாடிக்கைக்காரருக்கு எழுதுவதுபோல அர்த்தத்தை எழுதினாள்: பித்தக்குழாய்ப் புற்றுநோய். அவன் எழுத்துக்கூட்டிப் படித்தான். நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான்.

"நாஷ்டா துன்னியா?"

இல்லை என்று தலையசைத்தாள். இருவரும் எழுந்து கேன்டீன் பக்கம் நடந்தார்கள்.