தங்கச்சி தவறவிட்ட பந்து

என் தங்கச்சி பன்னிரண்டு வருஷம் சம்பளத்துக்குக் கூடைப்பந்து ஆடியவள். முழங்காலில் இரண்டு முறை கத்தி வைத்த பிறகும் திரும்பி வந்து அணித்தலைவியாக நின்றாள். அவள் போட்ட பனியன்கள் அத்தனையிலும் ஏழாம் எண்ணை வெட்டித் தைத்தவன் நான். ஒன்றில்கூட எண் கோணியதில்லை.

போன வருஷம் அவள் கதையைச் சினிமாவாக எடுத்தார்கள். முகத்துக்கு ஒரு நடிகை, கைக்கு என் தங்கச்சி. பந்து போடும் காட்சிகளில் அவளை முதுகுப் பக்கமிருந்து படம்பிடித்தார்கள். உடுப்புத் தைக்க என்னையும் கூப்பிட்டிருந்தார்கள்.

கடைசிக் காட்சியில்தான் வம்பு வந்தது. அவள் ஆடிய கடைசி இறுதிப் போட்டியில், கடைசியாகப் போட்ட பந்து வளையத்தில் பட்டு வெளியே போனது. கோப்பையும் போனது. டைரக்டர் எழுதிய கதையிலோ பந்து உள்ளே விழுந்தது.

"ஜனங்க அழுதுக்கிட்டே வீட்டுக்குப் போகக் கூடாதும்மா" என்றார்.

"அப்ப நெட்டைக்கு நான் என்ன பதில் சொல்றது?" என்றாள் தங்கச்சி.

நெட்டை எதிரணிக்காரி. அன்றைக்குக் கையைத் தூக்கி மறைத்து நின்றவள்.

"அவ ஜெயிச்சதை நான் படத்துல பிடுங்கிக்கவா?"

டைரக்டர் இறங்கி வந்தார். "சரி, தவறவிடுங்க. ஆனா அரங்கம் இன்னிக்கு மட்டும்தான் நம்ம கையில. சாயங்காலத்துக்குள்ள வரலன்னா, உள்ள விழுந்ததையே வச்சுக்குவேன்."

"வேணும்னே விடறதுக்கெல்லாம் எனக்கு வராது. போட்டா, உள்ள போகத்தான் போடுவேன்."

போட்டாள். விழுந்தது. மறுபடி போட்டாள், மறுபடி விழுந்தது. விளக்குப் பிடித்தவர்கள் கைதட்டினார்கள்; இவள் முகம் கடுகடுவென்று ஆகிவிட்டது. மறைத்து நிற்க வேண்டிய துணை நடிகையோ, பந்து மூக்கில் பட்டுவிடுமோ என்று கண்ணை மூடிக்கொண்டாள்.

தங்கச்சி போனை எடுத்தாள். "நெட்டை, எங்க இருக்க? ஷூ வச்சிருக்கியா?"

மத்தியானம் தாண்டி வந்து இறங்கினாள் நெட்டை. தலை பாதி நரைத்திருந்தது. அவள் அளவுக்கு உடுப்பு ஏது? இரண்டு பனியனைப் பிரித்து, விலாப் பக்கம் பட்டை வைத்து ஒட்டுப்போட்டேன்.

"அண்ணே, குண்டாயிட்டேன்னு வெளிய சொல்லிடாதீங்க."

"அவர் எதுக்குச் சொல்லணும்? கேமராவே சொல்லிடும்" என்றாள் தங்கச்சி.

"உனக்கு வாய் மட்டும் இன்னும் குறையல. நான் விட்டுக்கொடுக்க மாட்டேன், பாத்துக்கோ."

"விட்டுக்கொடுத்தா உன் மூஞ்சியிலேயே முழிக்க மாட்டேன்."

முதல் பந்து உள்ளே. நெட்டை பல்லைக் கடித்தாள். அடுத்த முறை தங்கச்சி எழும்பும்போதே அவளும் எழும்பினாள். அந்த நீளக் கை கண்ணை மறைத்தது. பந்து வளையத்தில் மோதி, விளிம்பில் ஒரு சுற்றுச் சுற்றி, வெளியே விழுந்தது. நெட்டை அதை அள்ளி மார்போடு அணைத்துக்கொண்டு குதித்தாள்.

"ச்சே!" என்று தங்கச்சி தரையை உதைத்தாள். அதில் நடிப்பு இல்லை. அப்புறம்தான் சிரித்தாள்.

டைரக்டர் கையிலிருந்த கதைத்தாளை மடித்துப் பைக்குள் வைத்தார். பிறகு, "இதுதாம்மா படம்" என்றார்.

தியேட்டரில் அந்தப் பந்து வெளியே போனபோது, பக்கத்து இருக்கைக்காரர் தலையில் கைவைத்தார். "போச்சே! இப்படி விட்டுட்டாளே!"

திரை முழுக்க அவள் முதுகு. ஏழு கோணாமல் நின்றது.

"என் தங்கச்சிங்க" என்றேன், நிமிர்ந்து உட்கார்ந்து.