கிணற்றில் விழுந்த காட்டுமாடு

அன்று ஞாயிற்றுக்கிழமை. ஆராதனைக்குக் கிளம்புவதற்காகப் புடவை மடிப்பு எடுத்துக்கொண்டிருந்தேன். நிலத்துப் பக்கமிருந்து என் கணவர் கத்தினார்.

“ஏய், சீக்கிரம் வா! பாழுங்கெணத்துல இன்னாவோ விழுந்திருக்கு.”

எங்கள் நிலம் அணைக்கட்டிலிருந்து மலைப்பக்கம் போகும் வழியில் கடைசியாக இருக்கிறது. வேலியைத் தாண்டினால் காப்புக்காடு. பாழுங்கிணறு என்று நாங்கள் சொல்வது பாதி மண் சரிந்து தூர்ந்துபோன ஒன்று. ஆழம் பதினைந்தடி இருந்தால் அதிகம், அடியில் ஒரு பக்கம் சரிந்த மண்மேடு, மறுபக்கம் முழங்கால் அளவு தண்ணீர். சுற்றுச்சுவர் கிடையாது. பக்கத்து வீட்டு எருமைதான் விழுந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டு ஓடினேன்.

எட்டிப் பார்த்ததும் கால் தானாகப் பின்னுக்கு வந்துவிட்டது. உள்ளே மண்மேட்டில் நின்றது எருமை இல்லை. பெரிய கருப்பு முதுகு, அதன் நடுவில் கூரைமுகடு போல் ஒரு மேடு. நாலு காலிலும் வெள்ளைக் காலுறை மாட்டினதுபோல முழங்காலுக்குக் கீழே வெளுப்பு. அது தலையைத் தூக்கிப் புஸ்ஸென்று மூச்சை விட்டது. அந்தச் சத்தத்தில் கிணற்றோரத்து மண் உதிர்ந்ததைக் கண்ணால் பார்த்தேன்.

“காட்டெருமை,” என்றார் கணவர். கிசுகிசுப்பாகத்தான் சொன்னார்.

ஆம்பூரில் ஒரு தோல் தொழிற்சாலையில் பதினாறு வருஷமாகத் தரம் பிரிக்கிறேன். பதனிட்ட மாட்டுத்தோலை மேஜையில் விரித்து, முள் கீறல், உண்ணிக்கடி, சூடு போட்ட தழும்பு எல்லாம் பார்த்து ஒதுக்குவது என் வேலை. வீட்டிலும் நாலு கறவை மாடு. மாட்டைப் பற்றி எனக்குத் தெரியாதது ஒன்றும் இல்லை என்று இருந்தவள் நான். எங்கள் வேலிக்கு அந்தப்பக்கம் இப்படி ஒன்று உயிரோடு நடமாடுகிறது என்பது மட்டும் எனக்குத் தெரியாது. கல்யாணமாகி வந்த இத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை.

ஒரு மணி நேரத்தில் ஊரே கூடிவிட்டது. ஆளுக்கொரு போன். வனத்துறையிலிருந்து ஒரு காவலரும், கூடவே கால்நடை மருத்துவர் அம்மா ஒருவரும் வந்தார்கள். காவலர் முதலில் கூட்டத்தைத்தான் விரட்டினார். “தள்ளிப் போங்க! நீங்க போடுற சத்தத்துலயே அதுக்கு உசுரு போய்டும்.”

மயக்க ஊசி போடலாமே என்று யாரோ கேட்டார்கள். தண்ணீரில் மயங்கி விழுந்தால் மூழ்கிவிடும் என்றார் மருத்துவர். கிணற்றின் ஒரு பக்கத்தை வெட்டிச் சரிவுப்பாதை போட்டால் தானாக ஏறிவிடும் என்று முடிவானது. ஜேசிபி வரும்வரை அதற்குத் தீனி வேண்டும். என் கணவர் பச்சைச் சோளத்தட்டு ஒரு கட்டைக் கயிற்றில் கட்டி இறக்கினார்.

அது கிட்டே வந்து மோந்து பார்த்தது. நாக்கை நீட்டி ஒரு தட்டை இழுத்தது. உடனே வாயைச் சப்புக்கொட்டித் துப்பிவிட்டது. வாயோரத்திலிருந்து எச்சில் நூல் நூலாகத் தொங்கித் தண்ணீரில் விழுந்தது. நின்ற இடத்திலேயே ஒரு காலைத் தூக்கித் தூக்கி வைத்தது.

அந்தச் சப்புக்கொட்டலை நான் கேட்டிருக்கிறேன். மூன்று வாரத்துக்கு முன்னால் எங்கள் சிவப்பு மாடு இதேமாதிரி எச்சில் ஒழுக, நொண்டி நொண்டி நின்றது. கோமாரி, வாயிலும் குளம்பிலும் புண் வருகிற நோய். கணவரைத் திரும்பிப் பார்த்தேன். அவரும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

மாசி மாதம் தடுப்பூசி போட ஆட்கள் வீட்டுக்கே வந்தார்கள். அவர் போடலாம் என்றுதான் சொன்னார். வேண்டாம் என்றது நான். “ஊசி போட்டா பால் கம்மியாய்டும். அப்புறம் பாத்துக்கலாம்,” என்று வாசலிலேயே அனுப்பிவிட்டேன். பிறகு சிவப்பு மாட்டுக்கு வந்தது. மஞ்சள் பூசி, வேப்பிலை கட்டி ஒருவழியாகத் தேற்றினோம். தீவனம் ஜாஸ்தி இல்லாததால் மற்ற மூன்றையும் வழக்கம்போல மேலே காட்டுக்குத்தான் ஓட்டிவிட்டோம். தேறி எழுந்ததும் சிவப்பையும் ஓட்டினோம். அடிவாரத்துக் குட்டையில்தான் எல்லாம் தண்ணீர் குடிக்கும்.

மருத்துவர் பைனாகுலரை இறக்கிவிட்டு, “குளம்பு இடுக்குல புண்ணு இருக்கு,” என்று காவலரிடம் சொன்னார். நான் அவர் பக்கத்தில் போய் நின்றேன். சொல்லலாமா வேண்டாமா என்று நாக்கு இழுத்தது.

“மேடம், எங்க மாட்டுக்கு இருந்துச்சு.”

“இன்னாம்மா இருந்துச்சு?”

“கோமாரி. மூணு வாரம் இருக்கும்.”

“எங்க மேய்ச்சீங்க?”

நான் மலையைக் கையால் காட்டினேன். நோட்டில் குறித்துக்கொண்டிருந்த அவர் பேனா நின்றது. திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் பரவாயில்லை. சாதாரணக் குரலில் சொன்னார்: “ஒரு காலத்துல வெக்கை நோய்னு ஒண்ணு இருந்துச்சும்மா. நம்ம மாட்டுக்கிட்டருந்துதான் காட்டுக்குப் போச்சு. மந்தை மந்தையா செத்துச்சு. வேட்டையில போனது ஒரு பக்கம், இப்படிப் போனது ஒரு பக்கம். நாம எருமை எருமைங்கிறோம், இது எருமை சாதியே இல்ல. மாட்டு சாதி. அதனாலதான் நம்ம மாட்டுக்கு வர்றது அதுக்கும் வருது. நம்ம மாட்ட கட்டிப்போட்டு வைத்தியம் பாக்குறோம். அதுக்கு யாரு பாப்பாங்க?”

உன் வீட்டிலிருந்துதான் வந்தது என்று அவர் சொல்லவில்லை. மலையைச் சுற்றி எத்தனையோ பேர் மாடு மேய்க்கிறோம், யாருடையது என்று யாராலும் சொல்ல முடியாது. ஆனால் என் காதுக்கு என் வீடு என்றுதான் கேட்டது.

சாயங்காலம் நாலு மணிக்குப் பாதை தயாரானது. பிடித்துவைத்து வைத்தியம் பார்க்க வழியில்லை, விட்டுத்தான் ஆகவேண்டும் என்றார் மருத்துவர். எல்லோரையும் மறைவுக்கு அனுப்பிவிட்டார்கள். நாங்கள் மோட்டார் கொட்டகைக்குள் நின்று பார்த்தோம். ரொம்ப நேரம் அது அசையவில்லை. பிறகு ஒரே மூச்சில் ஏறியது. மேட்டுக்கு வந்து நின்றபோது மதிய வெயிலில் காய்ந்த பாறை எழுந்து நின்றதுபோல இருந்தது. எங்கள் பக்கம் ஒரு பார்வை பார்த்தது. அப்புறம் நொண்டிக்கொண்டே வேலியை ஒரு நூலை அறுப்பதுபோல அறுத்துக்கொண்டு காட்டுக்குள் போய்விட்டது. ஜனங்கள் கை தட்டினார்கள். ஈரமண்ணில் பதிந்த குளம்புத் தடங்களில் ரத்தம் இருந்தது. நான் கை தட்டவில்லை.

பத்து நாள் கழித்துக் காவலர் போன் செய்தார். குட்டைக்குப் பக்கத்தில் செத்துக் கிடக்கிறது, குழி தோண்ட ஆள் வேண்டும் என்றார். தொழிற்சாலைக்கு லீவு சொல்லிவிட்டு நானும் கணவருடன் போனேன். மருத்துவர் முன்னமே வந்து அறுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். பசு என்றார். வயிறு காலி. தின்னவே முடியாமல் போயிருக்கிறது.

கிட்டே நின்று பார்த்தேன். அப்போது நான் கேட்டதை இன்றுவரை என்னால் மன்னிக்க முடியவில்லை.

“மேடம், இந்தத் தோலு?”

அவர் நிமிர்ந்து பார்த்தார். “ஒரு துண்டுகூட வெளிய போவக் கூடாதும்மா. கொம்பு, தோலு எல்லாம் குழிக்குள்ளதான்.”

அதை விற்கும் நினைப்பில் கேட்கவில்லை, சத்தியம். கண் தன்பாட்டுக்குக் கழுத்துப்பக்கம் கீறல் இருக்கிறதா என்று தேடியிருக்கிறது, வாய் கேட்டுவிட்டது. என் முகம் எரிந்தது. கணவர் தலையைக் குனிந்துகொண்டு மண்ணை வெட்டினார். குழிக்குள் சுண்ணாம்பு கொட்டினார்கள். நான் கடைசி மூட்டை கொட்டும்வரை அங்கேயே நின்றேன்.

மறுநாளே அரசு கால்நடை மருந்தகத்துக்குப் போய் அடுத்த முகாம் எப்போது என்று கேட்டேன். முகாம் வந்த அன்று நாலு மாட்டையும் நானே பிடித்துக்கொடுத்தேன். இரண்டு நாள் பால் கொஞ்சம் குறைந்தது, மூன்றாம் நாள் சரியாகிவிட்டது. அவ்வளவுதான் விஷயம். அதற்குத்தான் நான் வாசலிலேயே ஆளை அனுப்பினேன்.

தெருவில் வீடு வீடாகப் போய்ச் சொன்னேன். சிலர் உடனே மாட்டை ஓட்டிவந்தார்கள். சிலர், “உனக்கு இன்னாத்துக்கு இந்த பேஜாரு?” என்றார்கள். நடந்ததை ஒளிக்காமல் சொன்ன பிறகு அவர்களில் இரண்டு வீட்டுக்காரர்கள் வந்தார்கள். கால் ஏக்கரில் தீவனப்புல் போட்டோம். இப்போது எங்கள் மாடு மேலே போவதில்லை. பாழுங்கிணற்றை முழுசாக மூடிவிட்டோம்.

மழைக்குப் பிறகு ஒருநாள் காவலர் வழியில் வண்டியை நிறுத்தித் தன் போனில் ஒரு படம் காட்டினார். புல்லுக்கு நடுவில் ஏழெட்டு உருப்படி. ஓரத்தில் செம்பழுப்பு நிறத்தில் ஒரு கன்று.

“எதுனா நொண்டுதா சார்?” என்று கேட்டேன்.

“தூரத்துலருந்து எடுத்தது. புல்லுல காலு தெரியல,” என்றார்.