ஒரு பக்கம் கேட்டால்தான் தருவேன்

பழைய இசைத்தட்டு விற்பவனுக்கு வாங்குகிறவர்கள் கிடைப்பார்கள், கேட்கிறவர்கள் கிடைக்கமாட்டார்கள். தென்காசியிலிருந்து குற்றாலம் போகும் சாலையில் கடை வைத்திருக்கும் நான், ஒரு பக்கம் முழுவதையும் உட்கார்ந்து கேட்காத எவருக்கும் தட்டைக் கொடுப்பதில்லை என்று விதி வகுத்தேன். அந்த விதியின் பாரத்தை அதிகம் சுமந்தது பிரிட்டனைச் சேர்ந்த ராக் குழு ஒன்றின் முதல் ஆல்பம். செங்கோட்டைக்கு மேலே ஓர் எஸ்டேட் பங்களாவைக் காலி செய்தபோது கிடைத்தது. ஒரு பக்கத்துக்கு ஒரே பாட்டு, இருபது நிமிடம். கேட்கத் தெரிந்த ஒருவர் கையில்தான் அதை ஒப்படைப்பேன் என்று இரண்டு சீசன்களாகக் காத்திருந்தேன். நல்லது சொல்லப்போய் வாங்கிக் கட்டிக்கொண்ட கடைக்காரர்களே, உங்களுக்கு இது புரியும்.

அருவிக்கு நேரமாகிறது

திருவேங்கடத்திலிருந்து குளிக்க வந்த பருத்தி வியாபாரி ஒருவர், தலையில் துண்டோடு உட்கார்ந்தார். அந்தப் பாட்டில் முதல் ஆறு நிமிடமும் கிதாரும் ஆர்கனும் மட்டும்தான், குரல் வராது. அவர் நெளிந்தார். "விதைத்த அன்றே பருத்தி வெடிக்க வேண்டும் என்று நிலத்தோடு சண்டை போடுவீர்களா?" என்று கேட்டேன். அவர் துண்டை உதறிக்கொண்டு எழுந்தார்.

"பாட்டுக்காரன் வாரதுக்குள்ள அருவியில தண்ணி நின்னுரும் போலுக்கே, அண்ணாச்சி."

பொறுமையின் பாடம்

செங்கோட்டைக் கல்லூரி ஆசிரியர் ஒருவர் பாதிப் பாட்டுவரை தாக்குப்பிடித்தார். அங்கே ஒரு சின்ன இசைத்துணுக்கு, மாற்றமே இல்லாமல், திரும்பத் திரும்ப வரும். எனக்கு மிகவும் பிடித்த இடம் அது. "ஒரே இடத்தில் உளி சலிக்காமல் விழுந்தால்தான் கல் சிலையாகும். முதல் ஆல்பத்திலேயே இந்தப் பிள்ளைகள் அதை உணர்ந்திருக்கிறார்கள், நாமும் உணர வேண்டும்" என்றேன். அவர் கைப்பேசியை எடுத்து நேரம் பார்த்தார்.

"மக்குப் பயலுக்குக்கூட நான் இத்தன தடவ சொல்ல மாட்டேன், அண்ணாச்சி."

அட்டைக்கு வந்தவர்

குற்றாலத்தில் புதிதாக விடுதி கட்டியவர், சாப்பாட்டுக் கூடத்துச் சுவரில் மாட்டப் பழைய ஆல்பம் அட்டைகள் தேடி வந்தார். கடல் நடுவே ஒரு கதவு தனியே நிற்கும் அந்தப் படம் அவருக்குப் பிடித்துவிட்டது. கேட்பதற்கு உட்காரவே இல்லை. "மணமேடையை மட்டும் வாங்கிக்கொண்டு மணமக்களைத் திருப்பி அனுப்புவீர்களா?" என்றேன். அவர் நிதானமாகப் பதில் சொன்னார்.

"தட்ட நீங்களே வச்சிக்கிடுங்க; எங்களுக்கு அது எடஞ்சல்."

கேட்டவர்

இந்த சீசனில் ஸ்டெல்லா டீச்சர் வந்தார். வாசுதேவநல்லூர்ப் பக்கம் ஓர் ஆலயத்தில் ஆர்கன் வாசிப்பவர். விதியைச் சொன்னதும் நாற்காலியை இழுத்துப் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். ஆறு நிமிடம் அசையவில்லை. எனக்குப் பிடித்த இடம் வந்தபோது மட்டும் கண்ணைத் திறந்து தட்டில் ஓடும் முள்ளையே பார்த்தார். பிறகு கடைசிவரை கேட்டார். நான் காத்திருந்தது இவருக்காகத்தான் என்று, தட்டைப் பொதிந்து கொடுக்கத் தாள் எடுத்தேன்.

அவர் தட்டை வெளிச்சத்தில் சாய்த்துக் காட்டினார். தலைமுடி அளவுக்கு ஒரு கீறல். "முள்ளு இதுல மாட்டிக்கிட்டு ஒரே கோட்டுலயே பல தடவ சுத்திட்டுத்தான் தாண்டுது. பாட்டுல அது ஒரு தடவதான் வரணும்" என்றார். அவசரக்காரர்களுக்கு அந்த இடத்தையாவது காட்டலாம் என்று, முள்ளைத் தூக்கி அங்கேயே நேராக இறக்கி இறக்கி உபதேசித்து, அந்தக் கீறலை ஆழமாக்கிய கை என்னுடையது. சும்மாவாவது எடுத்துக்கொண்டு போகும்படி கெஞ்சினேன். அவர் குடையை எடுத்துக்கொண்டார்.

"முழுசாக் கேக்கச் சொன்னிய, கேட்டுட்டேன், அதனாலதான் வேண்டாங்கேன், அண்ணாச்சி."

இரண்டு சீசன்களாக ஊரையெல்லாம் கேட்கச் சொன்ன என் கடையில், கேட்காத ஒருவன்தான் தினமும் முதல் ஆளாக வந்து ஷட்டரைத் திறந்திருக்கிறான்.