ஊருக்கெல்லாம் அண்ணி

கல்யாணத்துக்கு வந்த பரிசுகளைப் பிரித்து அடுக்கி முடிப்பதற்குள் அவளுடைய கணவன் சாலை விபத்தில் போய்விட்டான். மாமியார், பள்ளியில் படிக்கும் நாத்தனார், ஒரு வாரப்பத்திரிகையில் பிழை திருத்தும் வேலையில் இருந்த கொழுந்தன், இவர்களோடு அவள். திரும்பிப் போகப் பிறந்த வீடு என்று ஒன்று அவளுக்கு இல்லை. அவளுடைய சம்பளத்தை விட்டால் அந்த வீட்டுக்கும் வேறு வழியில்லை. ஆகவே ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

அவள் தொலைபேசி நிலையத்தில் ஆபரேட்டர். காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, எதிரே உள்ள போர்டில் விளக்கு எரிந்ததும் இணைப்புக் கயிற்றை எடுத்துச் செருகி, "நம்பர் சொல்லுங்க" என்று கேட்கும் வேலை. குரல் நன்றாக இருக்கும். வெளியூர் ட்ரங்க் காலுக்காகக் காத்திருந்து எரிச்சலில் கத்துகிறவர்கள்கூட அவள் பேசினால் கொஞ்சம் இறங்கி வருவார்கள்.

போர்டுகளைப் பழுது பார்க்க ஒரு மெக்கானிக் இருந்தார். அதிகம் பேசாதவர். ஆனால் அவளுடைய போர்டுக்கு மட்டும் ஏதோ ஒரு காரணம் சொல்லி அடிக்கடி வந்துவிடுவார். ஒருநாள் கேன்டீனில் டீயைக் கொண்டுவந்து எதிரே உட்கார்ந்தார்.

"உங்க போர்டுல ஒரு கோளாறும் இல்லீங்க. கோளாறு எனக்குத்தான்."

"அப்போ உங்களை யாரு ரிப்பேர் பண்றது?"

"அதைக் கேக்கத்தான் வந்தேன்."

அவள் சிரித்துவிட்டாள். கணவன் போன பிறகு வாய்விட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான்.

மறைத்து வைக்கத் தெரியாதவள் என்பதால் மாமியாரிடம் அவளே சொன்னாள். மாமியார் சில நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. பிறகு ஒரு மாலை, துணி மடித்துக்கொண்டிருக்கும்போது தலையைத் தூக்காமலே கேட்டார்.

"அந்த ஆளு குடிப்பாரா?"

"இல்லை அத்தை."

"கோவக்காரரா?"

"பேசவே மாட்டாரு. கோவம் எங்கேர்ந்து வரும்?"

"என் பையன் போயிட்டான். அதுக்காக நீயும் மூலையில உக்காரணும்னு எந்தச் சட்டமும் இல்லை. சின்னவ படிப்பு முடியட்டும். இவனுக்கும் நிலையா ஒண்ணு அமையட்டும். அப்புறம் நானே முன்னால நின்னு பண்ணி வைக்கிறேன்."

"இவன்" என்று அவர் சொன்ன கொழுந்தன் முன்னறையில்தான் இருந்தான். எல்லாம் அவன் காதில் விழுந்தது. அன்று இரவு சாப்பாட்டில் அவன் அண்ணியைப் பார்த்துப் புன்னகைத்ததாகவே அவளுக்கு நினைவு.

அடுத்த வருடம் அவனுக்கு அதிர்ஷ்டம் அடித்தது. பத்திரிகையில் தொடர்கதை எழுதிக்கொண்டிருந்தவர் திடீரென்று நின்றுவிட, பிழை திருத்துகிறவனை ஆசிரியர் கூப்பிட்டு, "நீதான் எழுதணும் எழுதணும்னு சொல்லிட்டிருந்தியே, எழுது பார்ப்போம்" என்றார். அவனுக்குத் தெரிந்த வாழ்க்கை ஒன்றுதான். கணவனை இழந்த ஓர் இளம்பெண், தொலைபேசி நிலையத்தில் வேலை, கொழுந்தனைப் படிக்க வைக்கிறாள், கதை முழுக்க எல்லாரும் அவளை "அண்ணி" என்றே கூப்பிடுகிறார்கள்.

முதல் சில வாரங்கள் அவளுக்குப் பெருமையாக இருந்தது. பஸ்ஸில் முன் சீட்டுப் பெண் அந்தப் பக்கத்தை விரித்து வைத்திருப்பதை எட்டிப் பார்த்துக்கொண்டே போவாள். தெருவில் பத்திரிகை வந்த அன்றைக்கே அரைத் தெரு படித்துவிடும். அந்த அண்ணி யார் என்பதும் ஊருக்குத் தெரிந்துவிட்டது. வேலை இடத்தில் தோழிகள் கேலி செய்வார்கள்: "நாங்கள்லாம் வெறும் நம்பர்தான் கொடுக்கிறோம், நீ கதையே கொடுத்துட்டே."

பிறகு அந்த அத்தியாயம் வந்தது.

கதையில் ஒரு மெக்கானிக் வருகிறான். அண்ணியிடம் தன் மனசைச் சொல்கிறான். அண்ணி அவனை அறைகிறாள். "இந்தக் கையால் என் தம்பிக்குச் சோறு போடுகிறேன். இதை எவன் கையிலும் கொடுக்க மாட்டேன்" என்கிறாள். அன்றைக்கே வேலையை உதறிவிட்டு வீட்டுக்கு வந்து கதவைச் சாத்துகிறாள்.

அந்த வசனம் ஊரெல்லாம் தீயாகப் பிடித்துக்கொண்டது. மேடையில் பேசுகிறவர்கள் சொன்னார்கள். அப்பாக்கள் வயசுப் பெண்களுக்குச் சொன்னார்கள். முகம் தெரியாத பெண்கள் வீட்டுக்கு வந்து அவள் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். போர்டில் விளக்கு எரிந்து அவள் பேச ஆரம்பித்தால், "அண்ணியா பேசறது?" என்று மறுமுனை நெகிழ்ந்தது.

நிலையத்தில் மெக்கானிக்கை எல்லாரும் ஒரு மாதிரி பார்த்தார்கள். அவர் நடந்து வந்தால் பேச்சு நின்றது. கேன்டீனில் அவர் உட்கார்ந்த மேஜையில் வேறு யாரும் உட்காரவில்லை. அறை வாங்காமலே அறை வாங்கிய மனிதராக அவர் திரிந்தார்.

அவள் கொழுந்தனிடம் கேட்டாள்.

"ஏன் தம்பி இப்படி எழுதினே?"

"உங்களை உயர்த்தித்தானே அண்ணி எழுதியிருக்கேன்?"

"நான் கேட்டேனா?"

அவன் பேனாவைத் திருகி மூடினான். அப்புறம் மெதுவாகச் சொன்னான். "முதல்ல வேற மாதிரிதான் எழுதினேன். அம்மா பேசினதை அப்படியே எழுதினேன். கடைசியில அண்ணி அவரோட போறாங்க. ஆசிரியர் தூக்கிப் போட்டுட்டார். 'நம்ம ஜனங்க இதை ஏத்துக்க மாட்டாங்க, ஆபீசுக்கே கல்லெறிவாங்க'ன்னார். மாத்தி எழுதலைன்னா வேற ஆளைப் பார்க்கிறேன்னுட்டார். காலம் அப்படி இருக்கு அண்ணி."

"உங்கம்மாவும் இந்தக் காலத்துலதானேடா இருக்காங்க?"

ஆனால் அதற்குள் அந்த அம்மாவும் மாறிக்கொண்டிருந்தார். கடைத்தெருவில் "அண்ணியோட மாமியார்" என்று அவருக்கு வழிவிட்டார்கள். ஒருநாள் அவள் பேச்சை எடுத்தபோது அவர் கலங்கிப்போனார்.

"ஊரே உன்னைக் கும்பிடுதும்மா. இப்போ போய் நீ ஒருத்தர் கையைப் பிடிச்சா, நம்ம மூஞ்சியிலதான் காறித் துப்புவாங்க. சின்னவளை யாரு கட்டுவாங்க?"

மெக்கானிக் தானே கேட்டு வேறு ஊருக்கு மாற்றல் வாங்கிக்கொண்டார். போகும் முன் ஒருமுறை அவள் போர்டுக்கு வந்தார். பக்கத்தில் எல்லாரும் வேலை செய்வதுபோல் பாவனை செய்துகொண்டு காதைத் தீட்டி வைத்திருந்தார்கள்.

"இந்தக் கயிறு கொஞ்சம் தேஞ்சிருக்கு. புதுசு கேட்டு வாங்கிக்கோங்க."

"சரிங்க" என்றாள். விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன. அவள் நம்பர் கேட்கத் திரும்பினாள்.

அதன் பிறகு வருடங்கள் ஓடின என்று சொன்னால் பொய். அவளுக்கு அவை நகரவே இல்லை. தொடர் புத்தகமானது, பள்ளியில் பாடமானது. அவள் பளிச்சென்று உடுத்தினால், "அண்ணிக்கு இது தேவையா?" என்பார்கள். சினிமாவுக்குப் போனால் இடைவேளையில் யாராவது அடையாளம் கண்டு எழுந்து நிற்பார்கள். கதையில் வேலையை விட்டவள் நிஜத்தில் விடவில்லை என்று சிலருக்கு வருத்தம்கூட இருந்தது. போர்டுகள் போய்த் தானியங்கி இயந்திரங்கள் வந்தபோது விசாரணைப் பிரிவுக்கு மாறி, அங்கிருந்தே ஓய்வு பெற்றாள். நாத்தனாருக்குக் கல்யாணம் ஆனது. மாமியார் போனார். கொழுந்தன் பெரிய எழுத்தாளன் ஆனான், கல்யாணம் மட்டும் செய்துகொள்ளவில்லை. அது குற்றவுணர்வா சோம்பேறித்தனமா என்று அவளால் கடைசிவரை கண்டுபிடிக்க முடியவில்லை. அவனை வெறுக்கவும் அவளால் முடியவில்லை. அவன் படுக்கையில் விழுந்த பிறகு அவள்தான் பார்த்துக்கொண்டாள். அப்போதும் பார்க்க வந்தவர்கள், "கதையில வர்ற மாதிரியே" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு போனார்கள்.

அவன் காலமான பிறகு ஒரு பெண் வந்தாள். கல்லூரி ஆசிரியை, அந்த நாவலைப் பற்றி ஆய்வு செய்கிறவள். மரியாதையாகப் பேசினாள்.

"இந்த நாவல் அந்தக் காலத்துக்கு ஒரு கண்ணாடிங்கம்மா. அன்னிக்கு மனுஷங்க எப்படி யோசிச்சாங்கன்னு அதுல தெரியுது. உங்களை மாதிரிப் பெண்கள் வேற வாழ்க்கையை நினைச்சுக்கூடப் பார்க்கலை, இல்லையா?"

"நினைச்சேனே" என்றாள் அவள்.

அவ்வளவு வருடம் யாரும் கேட்காததை அந்தப் பெண் கேட்டுவிட்டாள், 'ஆமாம்' என்ற பதிலை எதிர்பார்த்தே கேட்டிருந்தாலும். அவள் எல்லாவற்றையும் சொன்னாள். டீ மேஜை, துணி மடித்த மாலை, ஆசிரியர் தூக்கிப் போட்ட முடிவு.

"கண்ணாடின்னு சொன்னியேம்மா. அதுல பத்திரிகை ஆசிரியர் முகம் தெரியுது, கல்லெறிவாங்கன்னு அவர் பயந்தது தெரியுது. படிச்சுட்டு ஓடி வந்தவங்க முகமும் தெரியுது, நான் இல்லேங்கலை. ஆனா ஒரு சாயங்காலம் எங்க அத்தை சொன்னதும் அதே காலம்தான். அது எதுலயும் இல்லை."

அந்தப் பெண் குறிப்பேட்டில் புதுப் பக்கத்தைத் திருப்பினாள். "இதை நான் எழுதலாமாம்மா?"

"எழுது. ஆனா என்னைப் பாவப்பட்டவளா ஆக்கிடாதே."

அந்தப் பெண் வாக்கைக் காப்பாற்றினாள். நேர்மையாகத்தான் எழுதினாள். ஆனால் படித்தவர்கள் அப்படிப் படிக்கவில்லை. செய்தித்தாளில், கூட்டங்களில், அவள் ஒரு காலத்துக்குப் பலியானவள் ஆனாள். மறுபடியும் பெண்கள் வரத் தொடங்கினார்கள். இவர்கள் இளையவர்கள். கையைப் பிடித்து அழுதார்கள். "உங்க வாழ்க்கையே போச்சேம்மா" என்றார்கள். முப்பது வருடம் வேலை பார்த்ததை, சினிமா பார்த்ததை, தோழிகளோடு சிரித்ததை அவள் சொல்ல வாயெடுத்தால், அதையும் தைரியம் என்று பாராட்டி அழுதார்கள்.

நாத்தனார் கோபமாகத் தொலைபேசியில் கூப்பிட்டாள். "சின்னண்ணன் பேரைக் கெடுத்துட்டீங்களே அண்ணி!"

"உங்கண்ணன் எழுதினதுல என் பேரு கெட்டப்போ நீ சின்னப் பொண்ணு."

"உங்க பேரு எங்கே கெட்டுது? கும்பிட்டாங்களே!"

"முதல்ல கும்பிட்டாங்க. இப்போ அழறாங்க. விட மாட்டேங்கறாங்க, அதான் விஷயம்" என்று ரிசீவரை வைத்தாள்.

மெக்கானிக் எங்கோ குடும்பமாக இருந்து காலமாகிவிட்டார் என்று பழைய தோழி ஒருத்தி சொன்னாள். அன்று முழுக்க அவள் வீட்டுக்குள்ளேயே சுற்றிச் சுற்றி நடந்தாள். எங்கே போவது என்று தெரியவில்லை.

வீடு கொழுந்தன் பெயரில் இருந்தது. அதை நினைவில்லமாக்க ஒரு குழு அமைத்தார்கள். அவள் கடைசிவரை அங்கேயே இருக்கலாம் என்றார்கள், அதைப் பெரிய மனசோடுதான் சொன்னார்கள். முன்னறையில் அவனுடைய மேஜையும் கண்ணாடி அலமாரியும் வந்தன. அதை அவள் பொறுத்துக்கொண்டாள். ஒரு காலையில் எழுந்து பார்த்தால் சமையலறை வாசலுக்கு மேல் ஒரு பித்தளைப் பலகை: "அண்ணியின் சமையலறை."

அவள் முக்காலியைப் போட்டு ஏறி, கத்தி முனையால் திருகாணிகளைக் கழற்றி, பலகையைக் கொண்டுபோய்க் குழுவின் செயலாளரிடம் கொடுத்தாள்.

"இங்க நான் பல்லு விளக்கறேன். டீ போடறேன். இது என் வீடு."

"அதுக்காகத்தாம்மா பார்க்க வர்றாங்க" என்றார் அவர், புரியாமல், ரொம்பப் பணிவாக.

அடுத்த வாரம் பலகை திரும்பவும் ஏறிவிட்டது. இந்த முறை திருகாணி இல்லை, சிமென்ட் வைத்துப் பூசியிருந்தார்கள். அவள் துவைத்த துண்டைப் பிழிந்து அதன் மேல் விரித்துப் போட்டாள். ஞாயிற்றுக்கிழமை வந்த பார்வையாளர்கள் அந்தத் துண்டையும் படம் எடுத்துக்கொண்டு போனார்கள்.