ரணகள்ளி என்றும் சொல்வார்கள்

எனக்கு எண்பத்தைந்து வயது. வளர்த்தது ஏழு பேரை. பெற்றது ஐந்து, என் ஓரகத்தி செத்தபோது விட்டுப்போன இரண்டு. ஏழில் ஒன்றைக்கூட நான் மண்ணுக்குக் கொடுத்ததில்லை. இதைச் சொல்லும்போது என் குரலில் கொஞ்சம் கர்வம் இருக்கும், இருக்கட்டும். படித்தது இரண்டாம் வகுப்பு. பஸ் போர்டு படிப்பேன், கையெழுத்துப் போடுவேன், அதற்கு மேல் போனால் எழுத்துகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொள்ளும். அதனால் நான் சொல்கிறேன், என் பெரிய மகனின் மகள் எழுதுகிறாள். அவசரப்படுத்தாதே என்று அவளிடம் முதலிலேயே சொல்லிவிட்டேன்.

சொல்ல வந்தது ஒரு செடியைப் பற்றி. செடியைப் பற்றி என்றால் அதன் பேரைப் பற்றி. அந்தப் பேரால் ஒருத்தி என் வீட்டில் இருப்பதா போவதா என்று ஆனதைப் பற்றி.

ஆவடிப் பக்கம் கோவில்பதாகையில் நாங்கள் மனை வாங்கி வீடு கட்டியபோது எங்கள் வரிசையில் நாலைந்து வீடுதான். மற்றதெல்லாம் வேலிகாத்தான் முளைத்த காலி மனை. என் வீட்டுக்காரர் அம்பத்தூர் எஸ்டேட்டில் இரும்பு வார்க்கிற கம்பெனியில் வேலை பார்த்து, அந்தச் சூட்டிலேயே உடம்பைக் கெடுத்துக்கொண்டு போய்ச் சேர்ந்துவிட்டார். பெரியவர்கள் தனித்தனியாகப் போனார்கள். நான் மூன்றாவது மகனோடு இருந்தேன். அவனும் எஸ்டேட்டில்தான், லேத்து வேலை. எண்பத்தேழோ எண்பத்தெட்டோ, அவனுக்கு நசரத்பேட்டையில் பெண் எடுத்தோம். அவள் அப்பா பெங்களூர் ரோட்டு ஓரம் ஒரு செடித் தோட்டத்தில் தண்ணீர் பாய்ச்சுகிறவர். பெண் பிளஸ் டூ படித்தவள். எங்கள் தெருவில் அது பெரிய படிப்பு.

சீரோடு சீராக அவள் ஒரு டால்டா டின்னில் செடி ஒன்றைக் கொண்டுவந்தாள். தடித்த இலை, ஓரமெல்லாம் வெட்டு வெட்டாக இருக்கும். ஒரு இலையைக் கிள்ளி நூலில் கட்டி ஜன்னல் கம்பியில் தொங்கவிட்டாள். மண்ணும் இல்லை, தண்ணீரும் இல்லை. கொஞ்ச நாளில் அந்த வெட்டுகளில் எல்லாம் குட்டிக் குட்டியாக முளை வந்தது, மயிர் போல வேரோடு. இதற்குப் பேர் என்ன என்று எதிர் வீட்டுக்காரி கேட்டதற்கு, கட்டிப்போட்டால் குட்டிபோடும் என்றாள். அதுதான் பேரே. தெருவே சிரித்தது.

"உன் கழுத்துலயும் தான் கட்டியாச்சி. நீ எப்பம்மே?" என்று எதிர் வீட்டுக்காரி கேட்க, இவள் வெட்கப்பட்டு உள்ளே ஓடிவிட்டாள். அதற்குப் பிறகு தெருப் பெண்கள் இலை கேட்டு வரும்போதெல்லாம் இந்தப் பேரைச் சொல்லி அவளை ஒரு பார்வை பார்ப்பார்கள். விளையாட்டுதான். அப்போது எல்லாம் விளையாட்டாகத்தான் இருந்தது.

முதல் பிள்ளை வயிற்றிலேயே ஐந்தாம் மாதத்தில் போனது. இரண்டாவது நிறைமாதம். பெண் குழந்தை. விடியலில் பிறந்து பொழுது சாய்வதற்குள் அடங்கிவிட்டது. என் மகன்தான் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு போனான். ஏரிக்கரைப் பக்கம் புதைக்கிற இடம். வெட்டியான் வெளியூர் போயிருந்தானாம். திரும்பி வந்தபோது இவன் நகக்கண்ணெல்லாம் மண். அவளுக்கு மார்பில் பால் கட்டிக்கொண்டது. மல்லிப்பூ வாங்கி வந்து வைத்துக் கட்டினேன். பால் வற்றுவதற்கு அப்படித்தான் செய்வோம். வீடெல்லாம் பூ வாசனை. கல்யாண வீடு போல வாசனை அடிக்க, அவள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். அதற்குப் பிறகு அவள் தலையில் மல்லி வைத்து நான் பார்த்ததே இல்லை.

அன்றிலிருந்து தெருவில் யாரும் அவள் எதிரில் அந்தச் செடியின் பேரைச் சொல்லவில்லை. இலை வேண்டுமென்றால், அந்தச் செடியில் ஒண்ணு குடும்மா என்பார்கள். பேரை விழுங்கிவிட்டுப் பேசுவார்கள். விழுங்குவது அவளுக்குத் தெரிந்தது. சொல்லியிருந்தால்கூட அத்தனை வலித்திருக்காது என்று எனக்குத் தோன்றும்.

துக்கம் விசாரிக்க என் நாத்தனார் குத்தம்பாக்கத்திலிருந்து வந்தாள். கட்டிக்கொண்டு அழுதாள். பிறகு கால் கழுவத் தோட்டப் பக்கம் போனவள் அங்கேயே நின்றுவிட்டாள்.

"இன்னா அண்ணி இது? ரணகள்ளிய ஊட்டாண்ட வெச்சிகினு கீறீங்கோ?"

ரணகள்ளி என்றும் அதற்குப் பேர் உண்டு, எனக்கும் தெரியும். இலையை அனலில் வாட்டிப் புண்ணில் வைத்துக் கட்டினால் ரணம் ஆறும். கம்பெனித் தகரம் கிழித்த காலுக்கு என் வீட்டுக்காரருக்கு நானே கட்டியிருக்கிறேன். அதைத்தான் சொன்னேன். மருந்துக்கு வேண்டுமானால் எங்காவது ஓடை ஓரத்தில் பறித்துக்கொள்ளலாம், பேரிலேயே கள்ளி இருப்பதை எவளாவது வீட்டில் வளர்ப்பாளா என்றாள் அவள். பால் வடிகிற செடி வீட்டில் பிள்ளை குடிக்கிற பாலை எடுத்துக்கொள்ளுமாம். பிள்ளை தங்காததற்குக் காரணம் இதுதானாம்.

பல நாளாக வாய் திறக்காத என் மருமகள் அப்போது எழுந்து வந்தாள். ஒரு இலையை ஒடித்து நாத்தனார் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"பாருங்க, பால் வருதா? வெறும் தண்ணி. இது கள்ளி வகையறாவே கெடயாது."

பள்ளிக்கூடப் புத்தகத்தில் இந்த வகையறாவுக்கு வேறு பேர் இருக்கிறது என்றாள். பிரையோபில்லம். கிரேக்க பாஷையாம். முளைவிடும் இலை என்று அர்த்தமாம். இலையே முளைக்கிறதைப் பார்த்து எந்தக் காலத்திலோ எவனோ வைத்த பேர், அதில் கள்ளியும் இல்லை, ரணமும் இல்லை என்று அவள் சொன்னபோது குரல் நடுங்கியது. செடிக்காக நடுங்கியதாக நான் நினைக்கவில்லை.

நாத்தனார் சிரித்தாள். "வகையறா பத்தி நீ பேசுறியா? எங்க அண்ணன் புள்ள வகையறா உன்னாண்ட வந்து நின்னுபோச்சி."

என் மகன் கேட்டுக்கொண்டுதான் இருந்தான். நாத்தனார் அதோடு விடவில்லை. திருமழிசையில் அவள் வீட்டுக்காரர் பக்கத்துப் பெண் ஒன்று இருக்கிறது, இவளிடம் தீர்த்து எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பிவிடலாம், ஊர் உலகத்தில் நடக்காததா என்று என் காதில் போட்டுவிட்டுப் போனாள். அன்று சாயங்காலம் மகன் தேங்காய் வெட்டுகிற கத்தியை எடுத்து அந்தச் செடியை அடியோடு வெட்டினான். தண்டு, இலை எல்லாவற்றையும் துண்டு துண்டாக்கிப் பக்கத்துக் காலி மனையில் வீசினான். அவள் தடுக்கவில்லை. அந்த வாரமே அவளை நசரத்பேட்டையில் கொண்டுபோய் விட்டான். கொஞ்ச நாள் இருந்து வரட்டும் என்றான். கொஞ்ச நாள் என்றால் எத்தனை நாள் என்று கேட்டேன். பாக்கலாம் என்றான். பார்க்கலாம் என்ற சொல்லை நான் அறிவேன்.

அந்த நாட்களில் என் மனசு சரியாக இல்லை. ஏழு பேரை வளர்த்தவள் நான், எனக்கு ஏன் இப்படி என்று ஒரு கோபம். அவள் மேலா, மகன் மேலா, நாத்தனார் மேலா என்று தெரியாத கோபம். ஒரு நேரம் நாத்தனார் சொல்வது சரி என்று படும். மறுநேரம் மருமகள் துவைத்து மடித்து வைத்துவிட்டுப் போன என் புடவைகள் கண்ணில் படும். படுத்தால் செடியின் பேர்கள் ஓடும். ரணகள்ளி என்று வைத்தவன் கையில் ஒரு புண் இருந்திருக்கும். குட்டிபோடும் என்று வைத்தவள் கையில் நூலும் ஆணியும் இருந்திருக்கும். புத்தகத்துக்காரன் இலையை மட்டும் பார்த்தான். அவரவர் கையில் இருந்ததைப் பார்த்துப் பேர் வைத்துவிட்டுப் போனார்கள், அதில் எதை வைத்து நான் ஒரு பெண்ணை வெளியே அனுப்புவது?

ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. ஏரி நிரம்பி, எங்கள் தெருவில் கணுக்கால் அளவு தண்ணீர் நின்று வடிந்தது. வடிந்த பிறகு ஒரு காலையில் கோலம் போட வெளியே வந்தவள் காலி மனையைப் பார்த்தேன். மனை முழுக்க முளைத்திருந்தது. வெட்டி வீசின ஒவ்வொரு இலையும் குட்டிபோட்டிருந்தது. கல்லிடுக்கு, சாக்கடை ஓரம், எங்கே துண்டு விழுந்ததோ அங்கெல்லாம் விரற்கடை உயரத்துக்குப் பச்சை. அதை வெட்டியது அதற்குச் செய்த உபகாரமாகிவிட்டது. எதிர் வீட்டுக்காரியும் வந்து நின்றாள். இந்தத் தடவை அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

தீபாவளி கழித்து நாத்தனார் திரும்பவும் வந்தாள். திருமழிசைக்காரர்கள் பதிலுக்குக் காத்திருக்கிறார்களாம். வரும்போதே மனையைப் பார்த்துவிட்டாள். முகம் வெளுத்துவிட்டது அவளுக்கு. வெட்ட வெட்ட வருது, அத்தனையும் வேரோடு பிடுங்கிப் போட்டு மண்ணெண்ணெய் ஊத்திக் கொளுத்து நைனா என்று என் மகனை விரட்டினாள். அவனும் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினான்.

நான் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். குந்தி உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிடுங்கினான். மண் ஈரமாக இருந்ததால் சுலபமாக வந்தது. ஒவ்வொரு குட்டியும் தாய் இலையோடு ஒட்டிக்கொண்டே வந்தது. இலை சுருங்கித் தோலாகியிருந்தது, குட்டி மட்டும் பச்சை. கொஞ்ச நேரத்தில் அவன் கை நின்றுவிட்டது. சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டான்.

"இன்னாடா, பாத்துகினு கீற?" என்றாள் நாத்தனார்.

அவன் திரும்பவில்லை. "இந்தக் கையால தான் அந்தக் கொயந்தய குழி தோண்டி வெச்சேன். அதே கையால புடுங்கச் சொல்றியே."

அவன் அந்தக் குழியைப் பற்றி என்னிடம்கூட அதுவரை பேசியதில்லை. அவன் அழுவதை அவன் அப்பா செத்தபோது பார்த்தேன், பிறகு அன்றுதான் பார்த்தேன். நான் நாத்தனாரிடம், உள்ள வந்து சாப்பிட்டுட்டுப் போ, திருமழிசைக்காரங்களாண்ட வோணாம்னு நான் சொன்னேன்னு சொல்லிடு என்றேன். அவள் சாப்பிடாமல் போனாள். அப்புறம் என் வீட்டுக்காரரின் திதிக்குக்கூட வருவதை நிறுத்திவிட்டாள். அண்ணன் வீட்டில் கை நனைக்காமலே போய்ச் சேர்ந்தாள். அது எனக்குச் சின்ன இழப்பில்லை. நாங்கள் இரண்டு பேரும் ஒரே வயலில் நாற்று நட்டவர்கள்.

மறுநாள் ஆவடியில் பஸ் ஏறி, பூந்தமல்லியில் மாறி, நசரத்பேட்டை போனேன். சம்மந்தி செடிகளுக்கு நடுவில் நின்றிருந்தார். என்னைப் பார்த்ததும் என்ன பேசுவதென்று தெரியாமல் செடிகளைக் காட்டினார். எல்லாவற்றுக்கும் இரண்டு பேராம். முதல் பேர் வகையறாவுக்கு, இரண்டாவது அதற்கே அதற்கு. வகையறாப் பேரைக்கூடப் படித்தவர்கள் அவ்வப்போது கூடிப் பேசி மாற்றுவார்களாம். நம் வீட்டுச் செடியையும் இப்போது வேறு வகையறாவோடு சேர்க்கணும் என்று சிலர் சொல்கிறார்களாம். செடிக்கு அதெல்லாம் தெரியாது சம்மந்தியம்மா என்றார். அவர் கண் கலங்கியிருந்தது.

மருமகள் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்துவிட்டு நின்றாள். வாம்மா, போகலாம் என்றேன். நான் கூப்பிட்டு வராதவர்கள் கிடையாது. அவள் அசையவில்லை.

"அத்தே, அடுத்ததும் தங்கலேன்னா?"

"தங்கலேன்னா போவுது. நீ எங்கியும் போவ வோணாம்."

"இத்த அவரு வந்து சொல்லட்டும்."

எனக்கு முகத்தில் அறைந்தது போல இருந்தது. இந்த வயதில் இரண்டு பஸ் மாறி வந்தவளிடம் இப்படிச் சொல்கிறாளே என்று திரும்பி வரும் வழியெல்லாம் பொருமினேன். வீடு வந்து சேர்ந்த பிறகுதான் கொண்டுபோய் விட்டவன்தானே கூப்பிட வேண்டும் என்பது உறைத்தது. ஞாயிற்றுக்கிழமை மகன் போனான். என்ன பேசினான் என்று எனக்குத் தெரியாது, கேட்கவும் இல்லை. சாயங்காலம் இரண்டு பேரும் வந்தார்கள். அவள் வீட்டுக்குள் வராமல் காலி மனை ஓரம் நின்றாள். வாசலுக்கு வாசல் பெண்கள் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். இத்தனையும் அந்த ஒன்றிலிருந்தா என்று கேட்டாள். ஆமாம்மா, அந்தச் செடிதான் என்றாள் எதிர் வீட்டுக்காரி.

"பேரச் சொல்லுங்கக்கா. பேரு இன்னா பண்ணப் போவுது" என்றாள் இவள். எதிர் வீட்டுக்காரி சொல்லவில்லை. இவளே சொன்னாள், கட்டிப்போட்டால் குட்டிபோடும் என்று முழுப் பேரையும், எல்லாருக்கும் கேட்கிற மாதிரி. சொல்லிவிட்டு உள்ளே போய் விளக்கேற்றினாள்.

அப்புறம் அவளுக்குப் பிறந்ததா என்று கேட்பீர்கள். இன்னொன்று வந்தது, அதுவும் தங்கவில்லை. அதோடு சரி. காலி மனைக்காரர் வந்து மண் கொட்டி மாடி வீடு கட்டிவிட்டார். அவள் இங்கேதான் இருக்கிறாள். என் மகன் ரிட்டயர் ஆகிவிட்டான். எங்களுக்குள் எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். சில நாள் அவள் கதவைச் சாத்திக்கொள்வாள், நானும் தட்ட மாட்டேன். அந்த வருஷத்தைப் பற்றி நாங்கள் இருவரும் இன்றுவரை ஒரு வார்த்தை பேசியதில்லை. நான் பார்த்ததை நான் சொல்லியிருக்கிறேன். அவளுக்கு எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியாது.

இப்போது அவள் அடுத்த அறையில் கீரை ஆய்ந்துகொண்டிருக்கிறாள். கதவு திறந்துதான் இருக்கிறது. எழுதினது போதும்மா, பேனாவை வை. முதலிலிருந்து படி. எனக்காக இல்லை, கொஞ்சம் சத்தமாகவே படி. உன் சித்தி காதில் விழட்டும். நான் எங்காவது தப்பாகச் சொல்லியிருந்தால் அவளே எழுந்து வந்து சொல்லட்டும்.