உட்காராத பயிற்றுநர்

அக்டோபர் மூன்றாம் தேதி, வெள்ளிக்கிழமை. காலையில் துணி துவைத்தேன், ஆயர் ஈத்தாம் சந்தையில் கீரையும் நெத்திலியும் வாங்கினேன், நாளிதழ் படித்தேன். மாலையில் தம்பி வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போது, உள்ளே நாற்காலிகளைச் சுவரோரம் இழுத்துப் போடும் கரகரப்புக் கேட்டது. தேசியக் கால்பந்துக் குழுவின் ஆட்ட நாள்.

அந்தச் சத்தத்தை எட்டு வயதிலிருந்தே அறிவேன். அப்போது எங்கள் குழுவுக்கு வெளிநாட்டிலிருந்து வந்த பயிற்றுநர், ஆட்டம் முடியும்வரை உட்காரவே மாட்டார். கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு மைதானக் கோட்டோரம் நிற்பார். தோற்றே பழகிய குழு அவர் காலத்தில் ஜெயிக்கத் தொடங்கியதும், எங்கள் அடுக்குமாடியில், உட்கார்ந்தால் தோற்போம் என்று வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி முன் நிற்க ஆரம்பித்தார்கள். காவல்காரர் நிற்பதுபோல் என்பதால் அதற்கு 'ஜாகா நிற்பது' என்று பெயர்.

ஓர் ஆட்டத்தில், கர்ப்பிணியான அம்மா உட்கார்ந்த நேரம் பார்த்து எதிரணி கோல் போட்டது. அப்பா பல நாள் அவளோடு பேசவில்லை. அடுத்த ஆட்டத்தின்போது அவளுக்கு எட்டாம் மாதம்; வீங்கிய பாதங்களோடு சுவரைப் பிடித்து நின்றாள்.

"அண்ணே, அக்காவ உட்காரச் சொல்லுங்க லா. பந்து இவங்க கால்லயா இருக்கு?" என்றார் எதிர்வீட்டு அக்கா.

"இன்னும் கொஞ்ச நேரந்தான், நின்னுடுவா," என்றார் அப்பா, திரும்பாமலேயே.

ஜெயித்தோம். கீழே கார்கள் ஒலியெழுப்பிய ஆரவாரத்தில் அம்மா கூப்பிட்டது யாருக்கும் கேட்கவில்லை. தரை நனைந்திருந்ததை நான்தான் பார்த்தேன். குறைமாதத்தில் பிறந்த தம்பி கண்ணாடிப் பெட்டியில் கிடந்து பிழைத்தான். அம்மாவின் உடம்புதான் பிறகு தேறவே இல்லை. அப்பாவுக்கோ அவன் இன்றும் "ஜெயிச்ச அன்னிக்குப் பொறந்தவன்".

அந்தப் பயிற்றுநரின் பேட்டி இந்த வெள்ளிக்கிழமை நாளிதழில் வந்திருந்தது. தீராத முதுகுவலி, உட்கார்ந்தால் எழ முடியாது, அதனால்தான் நின்றேன் என்று சொல்லியிருந்தார். ஆட்டம் தொடங்குமுன் தம்பி வீட்டில் எல்லாருக்கும் அதை வாசித்துக் காட்டினேன். அப்பா முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"வலியோடயே நின்னுருக்காரு பாருக்கா. நமக்கு என்ன கேடு?" என்று சிரித்தான் தம்பி.

அவன் மனைவிக்கு இது ஏழாம் மாதம். அவள் பின்னால் ஒரு நாற்காலியைக் கொண்டுபோய்ப் போட்டேன். அவள் தம்பியின் முகத்தைப் பார்த்தாள்.

"பரவால்ல அண்ணி, கொஞ்ச நேரந்தானே," என்றாள். அவள் கை சுவரைத் தேடியது.

அந்த அடுக்குமாடி வீட்டில் இப்போது வேறு யாரோ இருக்கிறார்கள். அம்மா போய்ச் சேர்ந்துவிட்டாள். அப்படி ஜெயித்த குழுவையும் அதற்குப் பிறகு நாங்கள் பார்க்கவில்லை. இந்த வெள்ளிக்கிழமையும் தோற்றோம், கடைசிவரை தம்பி மனைவி நின்றாள்.

மறுநாள் காலை, பல் துலக்குவதற்கு முன்பே அவளைத் தொலைபேசியில் அழைத்தேன். வெகுநேரம் கழித்து எடுத்தாள்.

"ராத்திரியிலேர்ந்து வயிறு கல்லாட்டம் இருக்கு அண்ணி. அவருகிட்ட சொல்லல."

கார் சாவியை எடுத்துக்கொண்டு படியிறங்கினேன்.